கட்டுரைக்குப் புள்ளி இடும் முன்

கொட்டாஞ்சேனையில் உள்ள தமிழ்மொழிப் பாடசாலை ஒன்றின் ஆசிரியை கேட்டிருக்கிறார்: பாடசாலைத் தமிழ் மன்றம் நடத்திய போட்டிக்காக உயர்தர மாணவர்கள் இருபத்திரண்டு பேர் தமிழ் விக்கிப்பீடியாவில் ஆளுக்கொரு கட்டுரை எழுதினார்கள். நடுவர்கள் இருவர். காலிமுகத்திடல் பற்றிய கட்டுரைக்கு ஒருவர் 84 புள்ளி கொடுக்க, மற்றவர் 47 கொடுத்திருக்கிறார். முகத்துவாரத்தில் உள்ள ஒரு சிறிய கோயிலைப் பற்றிய கட்டுரைக்கு இருவருமே 40க்குக் கீழேதான் இட்டிருக்கிறார்கள். அந்த மாணவி இரண்டு மாதம் அலைந்து எழுதியது ஆசிரியைக்குத் தெரியும். பலர் கைபட்டு வளரும் இத்தகைய கட்டுரைகளை நியாயமாக மதிப்பிட ஏதாவது முறை இருக்கிறதா, அல்லது எல்லாம் நடுவரின் மனப்போக்குத்தானா என்பது அவருடைய கேள்வி. இரண்டு கட்டுரைகளின் இணைப்பையும் அனுப்பியிருக்கிறார்.

முறை இருக்கிறது. பல ஆண்டுகளாகத் தமிழ் விக்கிப்பீடியாவில் எழுதியும், பிறர் எழுதியதைச் சரிபார்த்தும் வருகிறேன். சில போட்டிகளுக்கு நடுவராகவும் இருந்திருக்கிறேன். 37 புள்ளி வித்தியாசம் எனக்குப் புதிதல்ல. உங்கள் நடுவர்கள் இருவரும் ஒரே கட்டுரையைத்தான் பார்த்தார்கள். ஆனால் இருவரும் அளந்தது வெவ்வேறு. ஒருவர் தோற்றத்தை அளந்திருப்பார்: நீளம், படங்கள், தகவற்பெட்டி (கட்டுரையின் ஓரத்தில் வரும் சுருக்க அட்டவணை), அடிக்குறிப்புகளின் எண்ணிக்கை. மற்றவர் அந்த அடிக்குறிப்புகளில் இரண்டு மூன்றைத் திறந்து பார்த்திருப்பார். கலைக்களஞ்சியக் கட்டுரையின் தரம் வாக்கியத்துக்கும் அதன் சான்றுக்கும் இடையில் இருக்கிறது. அங்கே போய்ப் பார்க்காமல் இடும் எந்தப் புள்ளியும் ஊகம்தான்.

எனவே புள்ளித் திட்டத்தைச் சற்று நேரம் மூடி வையுங்கள். கட்டுரையிலிருந்து ஐந்து வாக்கியங்களை எடுத்துக்கொள்ளுங்கள். கண்ணில் பட்டதை எடுக்க வேண்டாம். கண் எப்போதும் அழகான வாக்கியத்துக்கோ எழுத்துப் பிழை உள்ள வாக்கியத்துக்கோதான் போகும். ஒவ்வொரு இரண்டாம் பத்தியிலும் மூன்றாவது வாக்கியம் என்பது போல முன்கூட்டியே ஒரு விதியை வகுத்துக்கொண்டு, இருபத்திரண்டு கட்டுரைகளுக்கும் அதையே பின்பற்றுங்கள். ஒவ்வொரு வாக்கியத்திடமும் மூன்று விடயங்களைக் கேளுங்கள். சான்று தரப்பட்டிருக்கிறதா? அந்தச் சான்றைத் திறந்தால், வாக்கியம் சொல்வதை அதுவும் சொல்கிறதா? சொல்பவர் அதை அறியக்கூடிய இடத்தில் இருப்பவர்தானா? இரு நடுவரும் அதே ஐந்து வாக்கியங்களைத் தனித்தனியே பார்க்க வேண்டும். ஒரு கட்டுரைக்கு அரை மணித்தியாலம் போதும். இருபத்திரண்டுக்கும் இரண்டு வார இறுதிகள் போகும். பிள்ளைகள் இரண்டு மாதம் செலவிட்டிருக்கிறார்கள். அது பெரிய விலையல்ல.

காலிமுகத்திடல் கட்டுரையில் நான் இதைச் செய்து பார்த்தேன். 41 அடிக்குறிப்புகள் இருக்கின்றன. ஐந்து வாக்கியங்களில் இரண்டு முழுமையாக நின்றன. மூன்றாவது, 'காலிமுகத்திடல் 1859ஆம் ஆண்டு ஆளுநர் ஹென்றி வார்டினால் உருவாக்கப்பட்டது' என்கிறது. சான்றாகக் காட்டப்பட்டிருப்பது திடலில் உள்ள நினைவுக் கல்லின் படம். அந்தக் கல்லை நீங்களும் பார்த்திருப்பீர்கள். 1856இல் தொடங்கி 1859இல் முடித்ததாக அது சொல்வது கடலோரமாகச் செல்லும் நடைபாதையை. திடலோ அதற்கு முன்பே இருந்தது. ஆண்டு சரி, ஆளுநர் சரி, சான்றும் உண்மையானது; வாக்கியம் மட்டும் பிழை. நான்காவது வாக்கியத்தின் சான்று ஒரு சுற்றுலாத் தளம். அங்கே இருப்பது ஆங்கில விக்கிப்பீடியாவின் பழைய வரிகளே, சொல்லுக்குச் சொல். ஐந்தாவதன் இணைப்பு ஒரு தளத்தின் முகப்புப் பக்கத்தில் போய் நின்றுவிட்டது. 84 இட்டவர் 41 என்ற எண்ணைப் பார்த்தார். 47 இட்டவர் இவற்றில் ஒன்றிரண்டைக் கண்டு மனம் கசந்திருக்கிறார் என்று நினைக்கிறேன். நின்ற இரண்டு வாக்கியங்களையும் அவர் எண்ணியிருக்க வேண்டும்.

எண் சரியாக இருந்தும் வாக்கியம் பிழையாகும் இந்த வகைதான் மிகவும் ஏமாற்றக்கூடியது, ஆகவே இன்னும் ஓர் உதாரணம். கொழும்பின் மக்கள்தொகை என்ன? 2012ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி கொழும்பு மாவட்டத்தில் 23,24,349 பேர். கொழும்பு மாநகர சபை எல்லைக்குள் வாழ்ந்தவர்களோ ஐந்தரை இலட்சத்துக்குச் சற்று அதிகம். கொழும்பு நகரைப் பற்றிய கட்டுரையில் முதல் எண்ணை எழுதி, புள்ளிவிபரத் திணைக்களத்தின் அறிக்கையையே சான்றாகக் காட்டினால், மேலோட்டமாகப் பார்க்கும் நடுவர் அதற்கு முழுப் புள்ளியும் கொடுத்துவிடுவார். நகரம் நான்கு மடங்கு வீங்கியிருப்பது அவருக்குத் தெரியாது. யாழ்ப்பாண மாவட்டம் இதைவிடச் சிக்கலானது. 1981இல் ஏறத்தாழ 8.3 இலட்சமாக இருந்த மக்கள்தொகை 2012இல் 5.8 இலட்சமாகக் குறைந்தது என்று ஒரு மாணவர் எழுதுகிறார் என்று வைத்துக்கொள்வோம். இரண்டு எண்ணும் அரசாங்க ஏடுகளில் உள்ளவை. ஆனால் 1981இல் கிளிநொச்சி தனி மாவட்டமாக இருக்கவில்லை. 1984இல்தான் அது பிரிக்கப்பட்டது. போரும் இடப்பெயர்வும் குறைத்த தொகையோடு, வரைபடத்தில் போட்ட கோடு குறைத்த தொகையையும் சேர்த்து எழுதினால் அது வரலாற்றுக்குச் செய்யும் அநீதி. இழப்பு உண்மையானது என்பதற்காகவே அதைச் சரியாக எண்ண வேண்டும்.

இதை நான் பாடப் புத்தகத்தில் படித்துக் கற்கவில்லை. சில ஆண்டுகளுக்கு முன் ஒரு போட்டியில், மிக நீண்டதும் அடிக்குறிப்புகள் நிறைந்ததுமான கட்டுரை ஒன்றுக்கு நான் முதலிடம் கொடுத்தேன். மூன்று மாதம் கழித்து, அதன் பேச்சுப் பக்கத்தில் (கட்டுரையைப் பற்றிக் கருத்துச் சொல்லும் பக்கம்) ஒரு வாசகர் அடிக்குறிப்புகளை ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்துப் பட்டியல் இட்டிருந்தார். பாதிக்கு மேற்பட்டவற்றில் சொல்லப்பட்ட செய்தியே இல்லை. இரண்டாம் இடத்துக்குத் தள்ளப்பட்ட கட்டுரையை எழுதியவர் அதன்பின் எழுதவில்லை. அன்றிலிருந்து சான்றைத் திறக்காமல் நான் புள்ளி இடுவதில்லை.

உலகம் அறிந்த ஒப்பீடு ஒன்றிலும் இதற்கு வேண்டிய பாடம் இருக்கிறது. 2005 டிசம்பரில் 'நேச்சர்' அறிவியல் இதழ், ஒரே தலைப்பில் விக்கிப்பீடியாவிலும் பிரித்தானிக்கா கலைக்களஞ்சியத்திலும் இருந்த கட்டுரைகளைத் துறை அறிஞர்களிடம் கொடுத்தது. எது எங்கிருந்து வந்தது என்பது அவர்களுக்குச் சொல்லப்படவில்லை. பயன்படுத்தத்தக்க மதிப்பீடுகள் 42 தலைப்புகளுக்குக் கிடைத்தன. விக்கிப்பீடியாவில் 162 பிழைகளும் குறைகளும், பிரித்தானிக்காவில் 123. கருத்துப் பிழை என்று சொல்லத்தக்க கடும் பிழைகள் இரண்டிலும் நான்கு நான்கு. இந்த எண்களை எல்லோரும் சொல்வார்கள். அதன்பின் நடந்ததுதான் நடுவர்களுக்கு வேண்டியது. 2006 மார்ச்சில் பிரித்தானிக்கா நீண்ட மறுப்பு ஒன்றை வெளியிட்டது: மதிப்பிடக் கொடுத்தவற்றில் சில முழுக் கட்டுரைகள் அல்ல, துண்டுகள்; சில வேறு வேறு பகுதிகளை ஒட்டிச் சேர்த்தவை; ஆகவே 'இது விடுபட்டிருக்கிறது' என்ற குற்றச்சாட்டே பொருந்தாது. நேச்சர் தன் முடிவைத் திரும்பப் பெறவில்லை. யார் பக்கம் நியாயம் என்பதை விடுங்கள். பெயரை மறைத்து மதிப்பிட்டது நல்ல முறை, அதை எடுத்துக்கொள்ளலாம். எதை மதிப்பிடுகிறோம் என்பதில் இரு தரப்புக்கும் ஐயமில்லாத ஒரே பிரதி இருக்க வேண்டும் என்பதையும் சேர்த்து எடுத்துக்கொள்ள வேண்டும்.

விக்கிப்பீடியாவில் இந்த இரண்டாவது விடயம் தானாக அமையாது. கட்டுரை நேற்று இருந்தது போல இன்று இருக்காது. ஒரு நடுவர் திங்கட்கிழமை படித்ததையும் மற்றவர் சனிக்கிழமை படித்ததையும் ஒரே கட்டுரை என்று சொல்ல முடியாது. இடையில் வேறொரு பயனர் வந்து இரண்டு பத்திகளைத் திருத்தியிருக்கலாம். அந்தத் திருத்தத்துக்கு உங்கள் மாணவரைப் பாராட்டுவதும் சரியல்ல, தண்டிப்பதும் சரியல்ல. போட்டி முடிந்த நேரத்தின் பிரதியை 'வரலாற்றைக் காட்டவும்' என்ற பக்கத்திலிருந்து எடுத்து, அதன் நிலையான இணைப்பை இரு நடுவருக்கும் கொடுங்கள். அதைத் தாளில் அச்சிட்டு, பயனர் பெயரை நீக்கிக் கொடுத்தால் இன்னும் நல்லது. யாருடைய பிள்ளை எழுதியது என்று தெரியாமல் படிப்பதில் ஒரு சுதந்திரம் இருக்கிறது. கொழும்பில் நம்முடைய வட்டம் சிறியது. வெள்ளவத்தையில் இருப்பவருக்குக் கொட்டாஞ்சேனைக் குடும்பத்தைத் தெரிந்திருக்கும்.

நீளத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் உங்கள் புள்ளித் திட்டத்தில் 'பதினைந்தாயிரம் பைட்டுக்கு மேல்: 20 புள்ளி' என்று ஒரு வரி இருக்கிறது. தயவுசெய்து அதை எடுத்துவிடுங்கள். கணனி எழுத்தைச் சேமிக்கும் முறையில் ஆங்கில எழுத்து ஒன்றுக்கு ஒரு பைட்டு. தமிழ்க் குறியீடு ஒன்றுக்கு மூன்று. உயிர்மெய்யில் மெய்க்கு ஒன்று, உயிர்க்குறிக்கு ஒன்று என இரண்டு குறியீடுகள் வரும். 'கொழும்பு' என்ற நாலெழுத்துச் சொல்லுக்கு 24 பைட்டு. அதையே ஆங்கிலத்தில் எழுதினால் 7. ஆங்கிலப் போட்டி விதிகளைப் பார்த்து அமைத்த பைட்டு எல்லை தமிழில் எதையும் அளப்பதில்லை. சொற்களை எண்ணினாலும் தொல்லைதான். 'வந்துகொண்டிருந்தவர்களுக்கும்' என்பது ஒரே சொல். சேர்த்து எழுதும் மாணவர் அங்கே தோற்றுவிடுவார். தானியங்கி மதிப்பீடுகளுக்கும் இதே நோய்தான். விக்கிப்பீடியாவை நடத்தும் விக்கிமீடியா 2015இல் அறிமுகப்படுத்திய ஓரெஸ் என்ற கருவி, கட்டுரையின் நீளம், தலைப்புகள், மேற்கோள்கள், படங்கள் போன்ற அமைப்புக் கூறுகளைக் கொண்டு தரத்தை ஊகித்தது. ஆயிரக்கணக்கான கட்டுரைகளில் எவற்றை முதலில் கவனிக்க வேண்டும் என்று பிரிப்பதற்கு அது உதவியது. காலிமுகத்திடலில் 1859இல் கட்டி முடித்தது எது என்று அதனால் கேட்க முடியவில்லை.

இனிக் கோயில் கட்டுரைக்கு வருகிறேன். என் மனம் அதில்தான் தங்கிவிட்டது. மொத்தம் ஏழு பத்திகள், நான்கு அடிக்குறிப்புகள். இரண்டு நடுவரும் 'சான்றுகள் போதாது' என்று எழுதியிருக்கிறார்கள். போதாது என்பது எதனோடு ஒப்பிட்டு? காலிமுகத்திடலைப் பற்றி இருநூறு ஆண்டுகளாக ஆளுநர்களும் பயணிகளும் பத்திரிகைகளும் எழுதிக்கொண்டே இருக்கிறார்கள். துறைமுகத்தில் வேலை செய்த மக்கள் கட்டிய ஒரு சிறு கோயிலைப் பற்றி யார் எழுதினார்கள்? நம்முடைய வரலாற்றில் சான்று இல்லாமைக்கும் வரலாறு உண்டு. 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்களும் சுவடிகளும் அழிந்தன. 1983இல் கொழும்பில் வீடுகளோடு குடும்ப ஏடுகளும் எரிந்தன. 2001ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீடு 25 மாவட்டங்களில் 18இல்தான் முழுமையாக நடந்தது. ஆகவே வடக்கின் பெரும்பகுதிக்கு 1981க்கும் 2012க்கும் இடையில் முழுமையான எண்களே இல்லை. இந்த நிலத்தைப் பற்றி எழுதும் பிள்ளையை, இலண்டன் பாலத்தைப் பற்றி எழுதும் பிள்ளையோடு அடிக்குறிப்பு எண்ணிக்கையில் போட்டியிட வைப்பது நியாயமே அல்ல. கேட்க வேண்டியது இதுதான்: தேடினால் கிடைக்கக்கூடியவற்றில் எவ்வளவை இந்த மாணவி தேடியிருக்கிறார்?

அதைக் கண்டறிய நடுவரும் கொஞ்சம் தேட வேண்டும். 2005இல் தொடங்கப்பட்ட நூலகம் எண்ணிம நூலகத்தில் இலங்கைத் தமிழ் நூல்கள், இதழ்கள், பத்திரிகைகள், கோயில் மலர்கள் எல்லாம் மின்வருடி வைக்கப்பட்டிருக்கின்றன. 57ஆம் ஒழுங்கையில் உள்ள கொழும்புத் தமிழ்ச் சங்க நூலகம் உங்களுக்கும் தெரியும். பழைய பத்திரிகைகளுக்குத் தேசிய சுவடிக்கூடம் இருக்கிறது. 1930இல் தொடங்கிய வீரகேசரியும் 1932இல் தொடங்கிய தினகரனும் கொழும்பின் கோயில் செய்திகளைத் தொடர்ந்து எழுதிவந்தவை. மாணவி இவற்றில் இரண்டு இடங்களுக்குப் போயிருக்கிறார் என்பது அடிக்குறிப்பிலேயே தெரிகிறது: ஒரு பழைய பத்திரிகைச் செய்தியைத் திகதியும் பக்க எண்ணும் கொடுத்துக் காட்டியிருக்கிறார், ஒரு குடமுழுக்கு மலரையும் காட்டியிருக்கிறார். அவருடைய ஐந்து வாக்கியங்களில் மூன்று நின்றன. மற்ற இரண்டும் கோயிலின் முதிய அறங்காவலர் ஒருவர் நேரில் சொன்னவை. அதையும் அவர் மறைக்கவில்லை.

இங்கே ஒரு கடினமான விடயத்தைச் சொல்ல வேண்டியிருக்கிறது. விக்கிப்பீடியாவின் விதிப்படி, ஒருவர் நேரில் கேட்டறிந்து வேறெங்கும் பதிவாகாத செய்தி, அது எவ்வளவு உண்மையாக இருந்தாலும், கட்டுரையில் இடம்பெற முடியாது. வாசகர் அதைச் சரிபார்க்க வழியில்லை என்பதே காரணம். அந்த விதி சரியானது. அதைத் தளர்த்தினால் யாரும் எதையும் எழுதலாம். ஆகவே அந்த இரண்டு வாக்கியங்களுக்கும் புள்ளி குறையத்தான் வேண்டும். ஆனால் 'சான்று இல்லை' என்று சிவப்பு மையில் எழுதிவிட்டுப் போகக் கூடாது. அந்தப் பெரியவர் சொன்னதை மாணவி தனிக் கட்டுரையாக எழுதி, கோயிலின் அடுத்த மலரிலோ பாடசாலைச் சஞ்சிகையிலோ பெயரும் திகதியும் போட்டு வெளியிடட்டும். அல்லது அவர் பேச்சைப் பதிவுசெய்து, வாய்மொழி வரலாறுகளையும் சேகரிக்கும் நூலகம் எண்ணிம நூலகம் போன்ற ஆவணக் காப்பகத்தில் சேர்க்கட்டும். பதிவு ஒன்று உருவாகிவிட்டால், அதன் தகுதியை அளந்து வேறொருவர் அதைக் கட்டுரையில் மேற்கோளாகக் காட்ட முடியும். அந்தப் பெரியவருக்கு வயதாகிவிட்டது என்று மாணவியே பேச்சுப் பக்கத்தில் எழுதியிருக்கிறார். இதில் தாமதிக்க வேண்டாம்.

மொழிக்கு வருவோம். தமிழ் விக்கிப்பீடியா 2003இல் தொடங்கியது. அதன் தொடக்க காலத்திலேயே பெரும் பங்காற்றிய இ. மயூரநாதன் யாழ்ப்பாணத்தவர். ஆகவே இலங்கை வழக்கு அங்கே விருந்தாளி அல்ல, வீட்டுக்காரர்தான். இருந்தும் நடுவர் தமிழகத்தில் படித்தவராகவோ, தமிழகப் பத்திரிகைகளை மட்டும் வாசிப்பவராகவோ இருந்தால் விபத்து நேர்கிறது. பம்பலப்பிட்டி மாணவர் ஒருவர் எழுதிய பௌதிகவியல் கட்டுரையில் 'அமுக்கம்' என்ற சொல்லை ஒரு நடுவர் பதினொரு இடங்களில் வட்டமிட்டு, 'அழுத்தம்' என்று திருத்தி, எழுத்துப் பிழைக்கான புள்ளியைக் குறைத்ததை நான் பார்த்திருக்கிறேன். நம் பாடநூலில் அமுக்கம் என்பதே சரியான கலைச்சொல். அழுத்தம் என்பது மின்னியலில் வரும் வேறொரு கணியம். திருத்தியவர் பிழை இல்லாத கட்டுரையில் பிழையை நுழைத்தார். ஒட்சிசன், ஐதரசன், இழையம், கலம் என்று எழுதும் பிள்ளைக்கும், ஆக்சிசன், திசு, செல் என்று எழுதும் பிள்ளைக்கும் ஒரே புள்ளிதான். கட்டுரை முழுவதும் ஒரே வழக்கைப் பின்பற்றுகிறதா, முதல் தடவை வரும் இடத்தில் மற்ற வழக்கையும் குறிப்பிடுகிறதா என்று மட்டும் பாருங்கள். மற்ற வழக்கில் தேடி வருபவரைச் சரியான கட்டுரைக்குக் கொண்டு சேர்க்க விக்கிப்பீடியாவில் வழிமாற்று இருக்கிறது.

மொழியில் உண்மையாகக் கவனிக்க வேண்டியது மொழிபெயர்ப்பு. ஆங்கிலக் கட்டுரையை இயந்திரத்தில் போட்டு எடுத்தது உரக்கப் படித்தாலே தெரிந்துவிடும்: வினைமுற்று எங்கோ இருக்கும், எழுவாய் எங்கோ தொங்கும். ஏறத்தாழ 2009, 2010 காலத்தில் கூகுள் நிறுவனம் மொழிபெயர்ப்பாளர்களுக்கு ஊதியம் கொடுத்து ஆங்கிலக் கட்டுரைகளைத் தமிழாக்கி ஏற்றியது. கட்டுரைகள் நீளமாக இருந்தன. வாக்கியங்கள் தமிழாக இல்லை. தமிழ் விக்கிப்பீடியர்கள் அந்தத் திட்டத்தை மதிப்பாய்வு செய்து, 2010இல் போலந்தில் நடந்த விக்கிமேனியா மாநாட்டில் அதன் குறைகளை முன்வைத்தார்கள். எண்ணிக்கை கூடுகிறதே என்று அவர்கள் பேசாமல் இருக்கவில்லை என்பதற்காக எனக்கு அவர்கள்மேல் பெருமதிப்பு உண்டு. பேசாமல் இருந்தால் என்ன ஆகும் என்பதற்கு ஸ்கொட்லாந்தின் ஸ்கொட்ஸ் மொழி விக்கிப்பீடியா சாட்சி: அந்த மொழி தெரியாத அமெரிக்க இளைஞர் ஒருவர் அங்கே இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட கட்டுரைகளை எழுதியிருந்தது 2020இல்தான் வெளிச்சத்துக்கு வந்தது. இப்போது செயற்கை நுண்ணறிவுக் கருவிகள் எழுதும் தமிழ் வழுவழுப்பாக இருக்கிறது, உரக்கப் படித்தாலும் பிடிபடாது. ஆனால் அவை இல்லாத நூலுக்கும் பக்க எண் கொடுத்துவிடும். ஐந்து வாக்கியச் சோதனையில் அது சிக்கிவிடும். மொழிநடையை வைத்து யார் மீதும் சந்தேகக் குற்றம் சாட்டாமல், சான்றைத் திறந்து பார்ப்பதே இதற்கும் நேர்மையான வழி.

நடுநிலையைப் பற்றி. இருபத்திரண்டில் ஒரு கட்டுரை 1983 ஜூலையைப் பற்றியது என்று எழுதியிருக்கிறீர்கள். அதை எப்படி மதிப்பிடுவது என்று தயங்குகிறீர்கள். தயக்கம் எனக்குப் புரிகிறது. பொரளையில் தொடங்கிய அந்த இரவைக் கண்டவர்கள் இன்னும் நம் தெருக்களில் இருக்கிறார்கள். நடுநிலை என்றால் வலியைக் குறைத்து எழுதுவது அல்ல. இறந்தவர்களின் எண்ணிக்கையை எடுத்துக்கொள்ளுங்கள்: அரசாங்கக் கணக்கு சில நூறு, தமிழர் தரப்பு மதிப்பீடுகள் மூவாயிரம் வரை செல்கின்றன. ஒரு தொகையை மட்டும் எழுதி மற்றதை மறைத்த கட்டுரைக்குப் புள்ளி குறையும், அது எந்தத் தொகையாக இருந்தாலும். இரண்டையும் எழுதி, எதை யார் சொன்னார்கள் என்று வாக்கியத்துக்குள்ளேயே குறித்த கட்டுரை நல்ல கட்டுரை. ஆங்கில விக்கிப்பீடியாவில் இலங்கைப் போர் பற்றிய கட்டுரைகளில் சண்டை ஓயாமல் போனபோது, இரு தரப்புப் பயனர்களும் சேர்ந்து அமைத்த நல்லிணக்கத் திட்டம் பின்பற்றிய வழியும் இதுதான்: ஒரு தரப்பைச் சார்ந்த மூலத்தைத் தடை செய்யவில்லை, அது அந்தத் தரப்பின் கூற்று என்று பெயர் சொல்லி எழுதச் செய்தார்கள். ஒரு சிங்கள வாசகரும் ஒரு தமிழ் வாசகரும் இதைப் படித்தால், தாங்கள் அறிந்த உண்மை இதில் விடுபடவில்லை என்று இருவரும் சொல்வார்களா என்று கேட்டுப் பாருங்கள். முடிந்தால் சிங்கள ஆசிரியர் ஒருவரிடம் வாக்கியம் வாக்கியமாகச் சொல்லிக் காட்டுங்கள்.

புள்ளிகளை எப்படிப் பிரிப்பது என்றும் கேட்டீர்கள். சான்றும் உண்மையும் 45, தலைப்பின் முக்கியமான பக்கங்கள் விடுபடாமை 25, நடுநிலை 15, தெளிவான தமிழ் 15 என்று நான் பிரிப்பேன். கலைநிகழ்ச்சி பற்றிய கட்டுரையில் நடுநிலைக்குப் பெரிய வேலை இருக்காது. அங்கே அந்தப் புள்ளிகளை விடுபடாமைக்கு மாற்றலாம். படத்துக்கும் தகவற்பெட்டிக்கும் தனிப் புள்ளி வேண்டாம். வேறொருவர் எடுத்த படத்தை அனுமதியின்றி ஏற்றியிருந்தால் மட்டும் அதைச் சொல்லி நீக்கச் செய்யுங்கள்.

இரு நடுவருக்கும் இடையில் 15 புள்ளிக்கு மேல் வித்தியாசம் வந்தால், சராசரி எடுத்து முடித்துவிடாதீர்கள். 84க்கும் 47க்கும் நடுவில் உள்ள 65.5 இருவருமே சொல்லாத ஒரு புள்ளி. இருவரையும் ஒரு மேசையில் உட்கார வைத்து, அந்த ஐந்து வாக்கியங்களையும் மீண்டும் திறக்கச் சொல்லுங்கள். வித்தியாசம் எந்த வாக்கியத்தில் பிறந்தது என்பது பத்து நிமிடத்தில் தெரிந்துவிடும். பிறகு இருவரும் சேர்ந்து கட்டுரையின் பேச்சுப் பக்கத்தில் ஒரு குறிப்பு எழுதட்டும்: எந்தப் பிரதியைப் பார்த்தோம், எந்த வாக்கியங்களைச் சோதித்தோம், எது நின்றது, எது நிற்கவில்லை. 'மேலோட்டமான கட்டுரை' என்ற தீர்ப்பால் ஒரு மாணவருக்கு எந்தப் பயனும் இல்லை. 'மூன்றாம் பத்தியில் 1859 என்பது நடைபாதைக்கு உரியது, திடலுக்கு அல்ல' என்று எழுதினால் அன்றிரவே திருத்திவிடுவார்.

என்னைக் கேட்டால், காலிமுகத்திடலுக்கு ஐம்பதுகளின் நடுப்பகுதியில் ஒரு புள்ளியும், கோயில் கட்டுரைக்கு அறுபதை ஒட்டியும் கொடுப்பேன். இவை ஐந்து வாக்கியங்களை மட்டும் திறந்து பார்த்த ஒருவரின் எண்கள். உங்கள் நடுவர்கள் பத்து வாக்கியங்களைத் திறந்து வேறு முடிவுக்கு வந்தால் அவர்களுடையதையே எடுத்துக்கொள்ளுங்கள். கோயில் கட்டுரையின் பேச்சுப் பக்கத்தில், அந்தப் பத்திரிகைச் செய்தியின் பக்க எண்ணில் உள்ள சிறு தவறை நான் குறித்து வைத்திருக்கிறேன். மாணவியிடம் சொல்லுங்கள், அவரே திருத்தட்டும்.